ஃப்ளாஷ் அப்டேட்டும் தேவியின் விசாரணையும்

ஃப்ளாஷ் என்றால் என்ன என்று கேட்கிற பிள்ளைகள் கணினிப் பிரிவில் வேலைக்குச் சேர்ந்துவிட்டார்கள். போன மாதம் கல்யாணப் பத்திரிகை கொடுக்க என் பழைய ஆபிசுக்குப் போயிருந்தேன். புதிதாகச் சேர்ந்திருந்த ஒரு பெண், "அக்கா, நீங்க ஃப்ளாஷ் காலத்து ஆளாமே, அது ஒரு வைரஸா?" என்று கேட்டாள். எனக்குச் சிரிப்பு வந்தது. யோசித்துப் பார்த்தால் அவள் கேட்டதில் பெரிய தப்பும் இல்லை. நின்ற நிலையில் சொல்லி முடிக்கிற விஷயமாக இல்லாததால் எழுதுகிறேன்.

அந்தப் பெண்ணுக்காக முதலில் ஒரு விளக்கம். ஃப்ளாஷ் என்பது பிரவுசரில் செருகி வைக்கிற ஒரு துணை மென்பொருள். எழுத்தும் அசையாத படமுமாக இருந்த இணையப் பக்கத்தில் வீடியோ ஓடவேண்டும், பொத்தான் துள்ளவேண்டும், பிள்ளைகள் விளையாடவேண்டும் என்றால் அது இருந்தே ஆகவேண்டும். உலகமே அதைப் போட்டிருந்தது. உலகமே போட்டிருந்ததால் திருடர்களும் அதையே குறிவைத்தார்கள். அதில் மாதம் தவறாமல் ஒரு ஓட்டை கண்டுபிடிக்கப்படும். அதை அடைக்க ஒரு அப்டேட் வரும். அடைத்த கையோடு அடுத்த ஓட்டை தெரியும்.

நான் வேலை பார்த்தது ஈப்போவில், ஒரு தோட்டக் கம்பெனியின் தலைமை அலுவலகத்தில். ஒரு காலத்தில் ரப்பர், இப்போது எண்ணெய் எடுக்கிற செம்பனை. கோலா கங்சார் பக்கத்திலிருந்து ஆயர் தாவார் வரை தோட்டங்கள் சிதறிக் கிடந்தன. நானும் தோட்டத்தில் பிறந்தவள்தான், வேறு கம்பெனித் தோட்டம். பாலிடெக்னிக்கில் படித்தேன், ஒரு கணினிக் கடையில் பிரிண்டர் பழுது பார்த்தேன், பிறகு இந்தக் கம்பெனியில் சேர்ந்து இங்கேயே ஓய்வு பெற்றேன். அதில் சொல்லிக்கொள்ள வேறொன்றும் இல்லை.

எங்கள் கம்பெனிக்கு ஃப்ளாஷ் வந்தது செக்ரோல் வழியாக. செக்ரோல் என்பது தோட்டத்து வருகைப் பதிவு. காலையில் ஆட்களை வரிசையாக நிறுத்துகிற பெரட்டில் தலை எண்ணி, யார் எந்தக் காட்டில், அதாவது தோட்டத்தின் எந்தப் பகுதியில், வேலை செய்தார் என்பதைத் தோட்டத்துக் குமாஸ்தாவான கிராணி பதிந்துவைப்பார். சம்பளம் அதை வைத்துத்தான். அதைக் கணினியில் ஏற்ற கோலாலம்பூரிலிருந்து ஒரு நிறுவனத்தைக் கூப்பிட்டார்கள். அவர்கள் முழுவதையும் ஃப்ளாஷில் செய்து கொடுத்தார்கள். பெயரைத் தொட்டால் ஒரு பனைமரம் ஆடும், அதிலிருந்து குலை விழும். துரைமார்கள் கைதட்டினார்கள். (வெள்ளைக்காரன் போய் எவ்வளவோ காலமாகிவிட்டது, தோட்ட மேனேஜருக்குப் பெயர் இன்னும் துரைதான்.) கொஞ்ச காலத்தில் அந்த நிறுவனம் கடையை மூடிவிட்டுப் போய்விட்டது. பனைமரம் மட்டும் ஆடிக்கொண்டே இருந்தது. மாற்றி எழுத ஆள் இல்லை, செலவு செய்ய மேலிடத்துக்கு மனசும் இல்லை. உலகம் ஃப்ளாஷைக் கைகழுவத் தொடங்கிய பிறகும் நாங்கள் அதைக் கட்டிக்கொண்டு அழுதது இந்தக் காரணத்தால்தான்.

என் மேலதிகாரி சிவபாலன் சார். தைப்பிங்காரர், யாழ்ப்பாணத்து வம்சம். தாத்தா ரயில்வேயில், அப்பா அரசாங்கத்தில், இவர் கணினியில். என்னை 'நீர்' என்றுதான் கூப்பிடுவார். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அது எனக்குத் திட்டுவதுபோல இருந்தது. அவர்கள் பேச்சில் அது மரியாதைக்கும் உரிமைக்கும் நடுவிலுள்ள சொல் என்பது பிறகுதான் புரிந்தது. முழுக்கைச் சட்டையின் கைப்பொத்தானை அவர் ஒருநாளும் கழற்றி நாங்கள் பார்த்ததில்லை. சத்தம் போடமாட்டார். பிடிக்காத ஒன்றைக் கண்டால் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார். அவர் துடைக்கத் தொடங்கினாலே நாங்கள் கொடுத்த தாளைத் திரும்ப வாங்கிப் படிக்கத் தொடங்குவோம்.

அப்டேட் விஷயத்தில் அவர் ஒரு முறை வைத்திருந்தார். அமெரிக்காவில் செவ்வாய்க்கிழமை வெளியாகிற அப்டேட் நமக்குப் புதன்கிழமை காலையில் வந்து நிற்கும். மாதத்தில் ஒரு புதன். திரையில் சிவப்புப் பெட்டி ஒன்று எழுந்து, புதிய பதிப்பு வந்திருக்கிறது, போடட்டுமா என்று கேட்கும். முன்பெல்லாம் கிராணிகள் 'பிறகு' என்ற பொத்தானை அமுக்கிவிட்டு வேலையைப் பார்ப்பார்கள். மாதக்கணக்கில் பிறகு, பிறகு, பிறகு. ஓட்டையோடே உட்கார்ந்திருப்பார்கள். ஒவ்வொரு தோட்டத்துக்கும் காரெடுத்துப் போய் அப்டேட் போட எங்களால் முடியுமா? சார் ஒரு முடிவுக்கு வந்தார். எல்லாக் கிராணிகளுக்கும் அட்மின் பாஸ்வர்ட்டைக் கொடுத்தார். பெட்டி வந்தால் யோசிக்காதே, அமுக்கு, பாஸ்வர்ட்டைப் போடு, முடிந்ததும் ஈப்போவுக்கு போன் பண்ணிச் சொல்லு. இதுதான் உத்தரவு. நடு நடுவே அவசர அப்டேட் வேறு கிழமைகளில் வருவதுண்டு, அதற்கும் இதே சட்டம்.

போனை சாரே எடுப்பார். "ஓம், நல்லது." அவ்வளவுதான். வாயிலிருந்து மூன்றாவது வார்த்தை வராது.

தேவிக்கு மட்டும் ஒரு வார்த்தை கூட வரும். தேவி கோலா கங்சார் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் கிராணி. அப்பா அங்கேயே ரப்பர் மரத்தில் பால் வெட்டியவர், இறந்துவிட்டார். அம்மாவோடு கம்பெனி வீட்டில் இருந்தாள். அந்தக் காலத்தில் ஆம்பளைகள் மட்டும் உட்கார்ந்த நாற்காலியில் உட்கார்ந்த பெண் என்பதால், ஒரு குறையும் சொல்ல இடம் வைக்கக்கூடாது என்பதில் அவளுக்கு ஒரு வெறி. பெட்டி எழுந்தால் முதல் போன் அவளுடையதுதான். சார், "நல்லது. கெட்டிக்காரி" என்பார். கூட்டத்தில் ஒருமுறை அவள் பெயரைச் சொல்லி மற்றவர்களுக்கு உதாரணம் காட்டினார். அன்றைக்கு அவள் முகத்தைப் பார்க்கவேண்டுமே!

ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம். நான் ஆயர் தாவார் தோட்டத்தில் ஒரு ரவுட்டரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். ஈப்போவிலிருந்து போன் வந்தது. தலைமை அலுவலகத்தின் பொதுக் கோப்புகள் எதுவும் திறக்கவில்லை. பெயரெல்லாம் புரியாத எழுத்தாக மாறிக் கிடந்தது. ஒவ்வொரு ஃபோல்டரிலும் காசு கேட்டு ஆங்கிலத்தில் ஒரு மிரட்டல். எல்லாத் தோட்டங்களின் சம்பளக் கோப்புகளும் அதில்தான் இருந்தன. நல்ல நிலையில் இருந்த நகல் போன மாதத்தினுடையது.

எங்கிருந்து வந்தது என்று தேடினோம். தேவியின் கணினியில் போய் நின்றது.

மறுநாளே கோலா கங்சாருக்குப் போனேன். தேவி ஆபிஸ் வாசலில் நின்றாள். நான் எதுவும் கேட்பதற்கு முன்பே சொல்லத் தொடங்கினாள்.

"சாப்பாட்டு நேரம்க்கா. நேத்து விட்டுப்போன சீரியல பார்க்கலாம்னு தொறந்தேன். ஃப்ளாஷ் பழசாயிருச்சுன்னு பெட்டி வந்துச்சு. அதே சிவப்புக்கா, அதே எழுத்து. அமுக்குனேன். பாஸ்வர்ட் கேட்டுச்சு, போட்டேன். ஒடனே ஈப்போக்கு போன் பண்ணுனேன்."

"யாரு எடுத்தா?"

"சார்தான். எப்பவும் போல நல்லதுன்னாரு."

அது போலிப் பெட்டி. திருட்டு சீரியல் தளங்களில் அப்போது இது மலிந்து கிடந்தது. உண்மையான அப்டேட் பெட்டியை அச்சு அசலாக நகலெடுத்து வைத்திருப்பார்கள். 'பிறகு' என்று சொல்லிப் பழகிய கிராணி யாராவது அந்த நாற்காலியில் இருந்திருந்தால், பிறகு என்று சொல்லித் தப்பித்திருப்பார். சொன்னதைச் சொன்னபடி செய்கிற ஒருத்தியிடம் அது வந்து சேர்ந்தது. அட்மின் பாஸ்வர்ட் கையில் இருந்ததால் தடுப்பாரும் இல்லை.

"அக்கா, வேலைய விட்டு அனுப்பிருவாங்களா? வேல போனா வூட்டையும் காலி பண்ணணும்லா. அம்மாவ கூட்டிக்கிட்டு எங்கக்கா போவேன்?"

 தெரியவில்லை என்றே சொன்னேன்.

அந்த மாதம் எல்லாத் தோட்டங்களிலும் சம்பளம் தள்ளிப்போனது. ஜனங்கள் ஆபிஸ் வாசலில் வந்து கத்தினார்கள். மேலிடத்துக்கு ஒரு தலை உருளவேண்டியிருந்தது. தேவிமேல் உள் விசாரணை என்று கடிதம் வந்தது. வேலை நேரத்தில் சீரியல் பார்த்தாள், யாரிடமும் கேட்காமல் தெரியாத மென்பொருளை ஏற்றினாள், கம்பெனிக்கு நஷ்டம் உண்டாக்கினாள். மூன்றும் நிரூபணமானால் வேலை நீக்கம்.

தொழில்நுட்ப அறிக்கை எழுதும் வேலை என் தலையில் விழுந்தது. எழுதி சாரிடம் கொண்டுபோனேன். 'கணினியைப் பயன்படுத்தியவர் போலி அறிவிப்பை நம்பி ஏமாந்தார்' என்று ஒரு வரி. கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார்.

"மேகலா, நீர் அங்க நிண்டனீரோ?"

"இல்ல சார்."

"அப்ப அவ நம்பினவ எண்டு உமக்கு எப்படித் தெரியும்? என்ன நடந்தது எண்டு மட்டும் எழுதும்."

திருத்தி எழுதினேன். 'போலி அறிவிப்பு கம்பெனி நடைமுறைப்படி ஏற்கப்பட்டது' என்று அவரே ஒரு வரியைச் சொல்லி எழுதவைத்தார். பேனாவால் ஒரு காற்புள்ளியை இடம் மாற்றினார். பிழைகள் எல்லாம் போயின. அந்த போன் பேச்சைப் பற்றி மட்டும் வாயைத் திறக்கவில்லை. நானும் அவர் முகத்தைப் பார்த்தபடி நின்றேன். "வேற ஏதும் இருக்கோ?" என்றார். இல்லை என்று சொல்லிவிட்டு வெளியே வந்தேன். எனக்கு உள்ளுக்குள் எரிந்தது. அவர் ஓய்வு வயதைத் தாண்டி, வருஷா வருஷம் நீட்டிக்கிற ஒப்பந்தத்தில் இருந்தார். அந்த வருஷ நீட்டிப்புக் கடிதம் இன்னும் வரவில்லை. ஆக, மனுஷன் தன் நாற்காலியைக் காப்பாற்றிக்கொள்கிறார் என்று முடிவு கட்டினேன். காற்புள்ளி திருத்துகிற கைக்கு இதைச் செய்ய வரவில்லையே என்று வீட்டில் போய்ப் புலம்பினேன்.

விசாரணை ஈப்போவில், மேல்மாடிக் கூட்ட அறையில் நடந்தது. ஏர்கோன் குளிரில் தேவி முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கேள்வி கேட்டவர் மனிதவள மேலாளர் குமரன். பக்கத்தில் தேவியின் தோட்டத்துத் துரை. நானும் சாரும் ஓரத்தில், தொழில்நுட்ப விளக்கம் சொல்ல.

சீரியல் பார்த்தாயா என்று குமரன் கேட்டார். பார்த்தேன் என்றாள். சாப்பாட்டு நேரமா என்று சார் ஓரத்திலிருந்து கேட்டார். ஆமாம் என்றாள். "அப்ப அது அவவின்ர நேரம்" என்றார் சார். குமரனுக்கு அது பிடிக்கவில்லை, குறித்துக்கொண்டார்.

"சரி. இந்த சாப்ட்வேர ஏத்துறதுக்கு முன்னாடியோ பின்னாடியோ ஈப்போவுல யாருக்காச்சும் சொன்னீங்களா?"

தேவி குனிந்துகொண்டாள். "இல்லைங்க சார். யாருக்கும் சொல்லல."

நான் திடுக்கிட்டு அவளைப் பார்த்தேன். அவள் என் பக்கம் திரும்பவே இல்லை.

"நல்லா யோசிச்சு சொல்லுங்க. இது முக்கியம்."

"யாருக்கும் சொல்லலைங்க சார். நானாதான் செஞ்சேன்."

குமரன் பேனாவை எடுத்தார். கதை முடிந்தது என்று நினைத்தேன். அந்த நேரம் சிவபாலன் சார் எழுந்து நின்றார்.

"அது பிழை. அவ எனக்குச் சொன்னவ. போனில."

"மிஸ்டர் சிவபாலன், அவங்களே இல்லன்னு சொல்றாங்க."

"ஓம், கேட்டனான்." சார் தேவியின் பக்கம் திரும்பினார். குரல் ஆபிசில் பேசுகிற அதே குரல். "பிள்ளை, நிமிர்ந்து பாரும். அண்டைக்கு நான் உமக்கு என்ன சொன்னனான் எண்டு சொல்லும்."

சார் சொன்னால் அவள் செய்துவிடுவாள். இத்தனை வருஷம் அப்படித்தான் இருந்திருக்கிறாள்.  தேவி நிமிர்ந்து அவரைப் பார்த்தாள்.

"நல்லது, கெட்டிக்காரின்னு சொன்னீங்க சார்."

சொல்லிவிட்டு அழுதுவிட்டாள். எனக்கும் கண் கலங்கியது. சார் நின்றபடியே தொடர்ந்தார்.

"எழுதிக்கொள்ளுங்கோ. அண்டைக்கு வெள்ளிக்கிழமை. வழமையான அப்டேட் வாறது புதன்கிழமை. அவசர அப்டேட் வந்ததோ எண்டு நான் பார்த்திருக்க வேணும், பார்க்கேல்லை. அப்பவே வயரைப் புடுங்கச் சொல்லியிருந்தால் ஈப்போ தப்பியிருக்கும். பாஸ்வர்ட் குடுத்ததும் நான். யோசிக்காமல் அமுக்கு எண்டு சொன்னதும் நான். பேர் எழுதவேணும் எண்டால் என்ர பேரில தொடங்குங்கோ."

உட்கார்ந்தார். கண்ணாடியைக் கழற்றவில்லை.

தேவிக்கு எச்சரிக்கைக் கடிதத்தோடு வேலை தப்பியது, வீடும் தப்பியது. சாரின் ஒப்பந்தம் நீட்டிக்கப்படவில்லை. காரணம் என்று எதையும் யாரும் எழுதவில்லை, இந்தமாதிரி விஷயங்களில் எழுதவும் மாட்டார்கள். கடைசி நாளில் எல்லா பாஸ்வர்ட்டையும் ஒரு உறையில் போட்டு என்னிடம் கொடுத்து, "எல்லாத்தையும் மாத்தும். கிராணிமாருக்கு ஒண்டும் குடுக்கவேண்டாம்" என்றார். விசாரணை அன்று வரை ஏன் அந்த போனைப் பற்றிச் சொல்லவில்லை என்று அப்போதுதான் கேட்டேன். "உம்மட அறிக்கையில அது வந்தால் அதுக்குப் பேர் ரிப்போர்ட். நான் எழும்பிச் சொன்னால்தான் அதுக்குப் பேர் சாட்சி" என்றார். அவரைத் தப்பாக நினைத்ததை நான் அவரிடம் சொல்லவில்லை. தைப்பிங் மழையில் நிம்மதியாக இருக்கிறார் என்று கேள்வி.

விசாரணை முடிந்த அன்று தேவியை பஸ் நிலையத்தில் கொண்டுபோய் விட்டேன். காரில் கேட்டேன், ஏன் அப்படிப் பொய் சொன்னாய் என்று.

"பின்ன என்னக்கா பண்ணச் சொல்றீங்க? அப்பா கங்காணி சொன்ன காட்டுலதான் வெட்டுவாரு. தப்புக் காடா போயிட்டா, தொரை வந்து கேட்டா, நானாதான் போனேம்பாரு. யாரு சொன்னான்னு சொன்னா காட்டிக் குடுத்த மாதிரிலா. எங்க வூட்டுல யாரும் அப்படி சொன்னதே இல்ல."

எனக்கு எரிச்சல் வந்தது, அவள்மேல் இல்லை. நானும் அப்படிப்பட்ட வீட்டில் பிறந்தவள். என் அப்பாவும் எத்தனையோ தடவை நானாகத்தான் போனேன் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார். உத்தரவு எப்போதும் வாயால் வரும், தப்பு மட்டும் செய்தவன் பெயரில் எழுதப்படும்.

அதற்குப் பிறகு மேலிடத்துக்கு புத்தி வந்தது. பனைமரம் ஆடாத, பார்க்க அசிங்கமான, ஃப்ளாஷ் தேவைப்படாத புது செக்ரோல் எழுதப்பட்டது. எழுதி முடிக்க வருஷங்கள் பிடித்தன. அதற்குள் பிரவுசர்கள் ஒவ்வொன்றாக ஃப்ளாஷைத் தள்ளிவைத்தன. கடைசியில் அதைச் செய்தவர்களே 2020-ஆம் வருஷக் கடைசியோடு ஆதரவு முடிகிறது என்று அறிவித்தார்கள்.

அந்த வருஷ முடிவில் ஒருநாள் தேவியிடமிருந்து போன்.

"அக்கா, ஃப்ளாஷ் பெட்டி வந்திருக்கு. அப்டேட் இல்லக்கா. தன்னைய எடுத்துறச் சொல்லி அதுவே கேக்குது. இப்படியும் கேக்குமா? நான் கையே வைக்கலக்கா."

அது உண்மையான அறிவிப்புதான். போலிகளை நம்பின உலகத்துக்கு, அது கடைசியாகச் சொன்ன இந்த ஒரு உண்மை நம்பமுடியாததாக இருந்தது. போனிலேயே அமுக்கு என்று சொல்லியிருக்கலாம். சொல்ல மனசு வரவில்லை. கொரோனா காலம் என்பதால் மாவட்ட எல்லை தாண்ட அனுமதிக் கடிதம் வாங்கி, முகக்கவசத்தை மாட்டிக்கொண்டு கோலா கங்சாருக்குப் போனேன்.

தேவி காலையிலிருந்து கணினியைத் தொடவில்லை. அன்றைய செக்ரோலைக் கையால் எழுதி வைத்திருந்தாள். பெட்டி அப்படியே திரையில் நின்றது. முகவரியைப் பார்த்தேன், கையொப்பத்தைச் சரிபார்த்தேன். பாஸ்வர்ட்டை நான் போட்டேன். இனி ஒரு பொத்தான்தான் பாக்கி.

"நிஜம்தான் தேவி. அமுக்கு."

அவள் மவுசில் கையை வைத்தாள், அமுக்கவில்லை. நரை விழுந்த தலையைத் திருப்பி என்னைப் பார்த்தாள்.

"அக்கா, நாளைக்கு யாராச்சும் கேட்டா, நீங்க சொல்லித்தான் செஞ்சேன்னு சொல்லிக்கலாமா?"

"சொல்லு" என்றேன். "என் பேரைச் சொல்லு."

அமுக்கினாள்.